பர்போர்டில் வீழ்ந்த மூவர்

முதலாம் சாள்ஸ் மன்னனின் தலை 1649 ஜனவரியில் விழுந்ததை நாம் பாடமாகப் படித்தோம். அதே ஆண்டு மே மாதம், பர்போர்ட் தேவாலய முற்றத்தில் மூன்று படைவீரர் சுடப்பட்டதை நமக்கு எவரும் சொல்லித் தரவில்லை. சுடுவித்தவன் மன்னனை வீழ்த்திய குரொம்வெல்லேதான்.

எதிரிகள் கேலியாக ‘லெவலர்’, அதாவது சமன்செய்வோர், என்றழைத்த அணியின் கொள்கையை ஏற்றவர்கள் அம்மூவரும். 1647இல் பாராளுமன்றப் படையின் சாதாரண வீரர்கள் தம் பிரதிநிதிகளைத் தாமே தெரிந்தெடுத்தனர். லண்டனை அடுத்த புட்னியில், தளபதிகளின் முகத்துக்கு நேரே, ஏழைக்கும் வாக்குரிமை வேண்டுமென வாதாடினர். அந்நாளில் இது சிறு துணிவா?

இரண்டே ஆண்டுகளில் எல்லாம் முடிந்தது. சம்பளப் பாக்கியைத் தீர்த்து, மக்கள் உரிமையை உறுதிசெய்யும்வரை அயர்லாந்துக்குப் போகமாட்டோம் என்றனர் வீரர். நள்ளிரவில் வளைத்துப் பிடித்து, முந்நூறுக்கு மேற்பட்டோரைத் தேவாலயத்துள் அடைத்தனர். அந்தனி செட்லி என்பவன் ஞானஸ்நானத் தொட்டியின் ஈயத்தில் தன் பெயரையும், எழுத்துப் பிழையோடு ‘கைதி’ என்ற சொல்லையும் கீறிவைத்தான். இன்றும் அது அழியவில்லை.

அவர்களைக் குறையற்றவராக்க நாம் விரும்பவில்லை. 1649இல் வெளியிட்ட திட்டத்திலும் வேலையாளுக்கு வாக்கில்லை. அவர்களுக்காக மனுவேந்திப் பாராளுமன்ற வாயிலில் நின்ற பெண்களுக்கும் இல்லை. லண்டன் கைவினைஞரும் படைவீரருமே அவர்களது பலம். படைக்குள் நசுக்கப்பட்டதும், கிராமத்து ஏழைகளிடம் திரும்ப அவர்களுக்கு வழியிருக்கவில்லை.

ஆகஸ்டில் குரொம்வெல் அயர்லாந்தில் இறங்கினான். செப்டம்பரில், துரோகெடா நகரில், சரணடைந்தோரும் வாளுக்கிரையாயினர்.