சோளகம் வீசும் மாதம்

மாத்தளையிலிருந்து இரத்தோட்டை வழியாக இலுக்கும்புர போகும் மலைப்பாதை ரிவர்ஸ்டன் கணவாயில் ஏறும்போது, ஜூலை மாதமாக இருந்தால், வாகனக் கதவை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டுதான் திறக்க வேண்டும். விட்டால் காற்று கதவைப் பிடுங்கிவிடும். மாசி, பங்குனியில் வருபவர்களுக்கு இது படம் பிடிக்க ஏற்ற இடம்: தொலைத்தொடர்புக் கோபுரம், மூடுபனி, அப்பால் பிட்டவல பத்தனவின் புல்வெளி. ஜூனிலிருந்து செப்டெம்பர் வரை அதே இடத்தில் காற்றைத் தவிர வேறெதுவும் மனதில் நிற்காது. மேற்குச் சரிவில் மழையைக் கொட்டிவிட்டுக் கணவாயைக் கடக்கும் தென்மேற்குப் பருவக்காற்று, கிழக்குப் பக்கம் காய்ந்த வேகத்தோடு இறங்கும். யாழ்ப்பாணத்தில் சோளகம் என்றும் மட்டக்களப்பில் கச்சான் என்றும் சொல்வது இந்தப் பருவத்துக் காற்றைத்தான்.

பழைய உலோகத் தொழிலை ஆராயும் ஒருவர் இந்த இடத்தில் நின்றால், நினைவு தெற்கே பலாங்கொடைப் பக்கம் போகும். அங்கே சமனலவெவப் பகுதியில், இதே காற்றை மட்டும் நம்பி மலைமுகடுகளில் இரும்பு உருக்கிய மனிதர்கள் இருந்தார்கள். துருத்தி இல்லை. துருத்தி மிதிக்க ஆளும் இல்லை. காற்று வரும் மாதம் தெரிந்திருந்தது.

அதைக் கண்டுபிடித்துச் சொன்னவர் பிரித்தானியத் தொல்லியலாளர் கில் ஜூலெஃப். 1980களின் கடைசியில் வளவை கங்கைப் படுகையில் சமனலவெவ நீர்த்தேக்கம் வரவிருந்த நேரம், தண்ணீர் ஏறுமுன் நிலத்தில் என்ன இருக்கிறது என்று பதிவு செய்யும் வேலை தொடங்கியது. முகடு முகடாக ஏறி இறங்கியபோது இரும்பு உருக்கிய இடங்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கிடைத்தன. அவற்றில் 70க்கும் மேற்பட்டவை ஒரே இயல்பு கொண்டவை: மேற்குப் பார்த்த சரிவின் உச்சி விளிம்பில், காற்று முகத்தில் அறையும் இடத்தில் அமைந்தவை. அந்தத் தொழில் கி.பி. 7ஆம் நூற்றாண்டிலிருந்து 11ஆம் நூற்றாண்டு வரை செழித்திருந்தது.

பொலன்னறுவையில் கிடைத்த நடராசர் சிலைக்கு முன்னால் நின்றால் யாருக்கும் விளக்கம் வேண்டியதில்லை. இந்த முகடுகளில் கிடைத்தவற்றுக்கு முன்னால் நின்றால், பழகாத கண்ணுக்கு எதுவும் தெரியாது. கறுத்த கட்டிகள், உடைந்த மண்குழாய்கள், வெந்து சிவந்த களிமண். பழைய உலோகத் தொழிலை ஆராய வரும் மாணவர் முதலில் பழக வேண்டியது இதுதான். கத்தியும் கலப்பையும் விற்றுப்போயின, தேய்ந்தன, மறுபடி உருக்கப்பட்டன, துருப்பிடித்து மண்ணாயின. உருக்கியவர் கூடையில் அள்ளிச் சரிவில் கொட்டிய கழிவு மட்டும் கொட்டிய இடத்திலேயே கிடக்கிறது. தமிழில் அதற்குப் பெயர் கிட்டம். சித்த மருத்துவர்கள் பழைய இரும்புக் கிட்டத்தை மண்டூரம் என்று மருந்துக்கு எடுப்பார்கள். சிங்களக் கிராமத்தில் ‘யபோர’ என்று கேட்டால், வயல் உழும்போது அது எங்கே தட்டுப்படும் என்று மூத்தவர்கள் கை காட்டுவார்கள். வரைபடத்துக்கு முன் அந்தக் கேள்வி.

ஒரு கிட்டத் துண்டைக் கையில் எடுத்துப் பார்க்கலாம். முதலில் எடை. அதே அளவுக் கல்லை விட கனமாக இருந்தால் அதில் இரும்பு நிறையத் தங்கியிருக்கிறது. அடுத்து மேற்பரப்பு. பாகு வழிந்து ஆறியது போல, கயிறு கயிறாக மடிந்து வழவழப்பாக இருந்தால், அது உலையின் வாய் வழியே வெளியே ஓடி உறைந்தது. கரடுமுரடாக, கரித்துண்டின் அச்சுப் பதிந்திருந்தால், உலைக்குள்ளேயே அடியில் தங்கியது. உடைந்த முகத்தில் குமிழ் ஓட்டைகள் இருக்கும். சிலவேளை ஒரு சிறு கரித்துண்டே உள்ளே சிறைப்பட்டிருக்கும். அது கிடைத்தால் அன்றைக்குக் கொண்டாட்டம்: காலம் சொல்லக்கூடியது அதுதான்.

கரியிலும் கவனம் வேண்டும். இருநூறு வருடம் நின்ற மரத்தின் வைரப் பகுதி எரிந்த கரியைக் கதிரியக்கக் கார்பன் சோதனைக்கு அனுப்பினால், உலை எரிந்த ஆண்டுக்குப் பதிலாக அந்தக் கட்டை வளர்ந்த ஆண்டு வரும். அனுபவம் உள்ளவர்கள் சுள்ளிக் கரியைத் தேடுவார்கள். விரல் தடிப்புக் கிளை வெட்டப்பட்டதற்கும் எரிந்ததற்கும் இடையில் அதிக காலம் போயிருக்காது. தமிழ்நாட்டில் சிவகளையில் கிடைத்த மாதிரிகளை வைத்து, இரும்பின் காலம் கி.மு. 4ஆம் ஆயிரமாண்டு வரை போகிறது என்று 2025 ஜனவரியில் அறிவித்தபோது, தலைப்புச் செய்தியாக வந்தது ஆண்டு எண். இத்துறையினர் முதலில் கேட்டது மாதிரி எந்த மண்ணடுக்கில், எதோடு சேர்ந்து கிடைத்தது என்பதை.

வயலில் பாதி வேலை, மேசையில் மீதி. கிட்டத்தை வைர வாளால் மெல்லிய துண்டாக அறுத்து, பிசினில் பதித்து, கண்ணாடி போல் மினுங்கும் வரை மணிக்கணக்காகத் தேய்க்க வேண்டும். ஒரு கீறல் மிஞ்சினாலும் நுண்ணோக்கியில் அது ஆறு போலத் தெரியும். சரியாக மெருகேறிய துண்டில், சாம்பல் நிற ஊசிகளாக ஃபயலைட் என்ற கனிமமும், பெரணி இலை போலக் கிளைவிட்ட வெளிர் நிற வூஸ்டைட் என்ற இரும்பு ஆக்சைடும் தெரியும். வூஸ்டைட் அடர்ந்திருந்தால் தாதுவிலிருந்த இரும்பில் நிறைய கழிவோடு போய்விட்டது. அது குறைந்திருந்தால் உலைக்குள் கடும் சூடும் நிறையக் கரியும் இருந்தன. நடுவில் வெள்ளையாக ஒரு பொட்டு மின்னினால் அது உலோகமேதான். அதை நைட்ரிக் அமிலம் கலந்த மதுசாரத்தில் சில விநாடிகள் நனைத்தால் உள்ளமைப்பு எழுந்து வரும். மெல்லிரும்பா, கார்பன் ஏறிய உருக்கா என்பது அப்போது தெரியும்.

சமனலவெவ முகடுகளின் கேள்வி மேசையில் முடியவில்லை. உலைகள் ஏன் எல்லாம் மேற்குப் பார்க்கின்றன? காற்றுக்காக என்று சொல்வது எளிது. திறந்த முகட்டில் வீசும் காற்று ஒரு களிமண் உலையை இரும்பு பிரியும் சூட்டுக்கு உயர்த்துமா என்பதைச் சந்தேகித்தவர்கள் பலர். துருத்தியால் ஊதும் உலை தெரியும், உயர்ந்த புகைபோக்கியால் காற்று இழுக்கும் உலை தெரியும். இந்தத் தாழ்ந்த, நீண்ட உலை இரண்டிலும் சேரவில்லை.

ஆகவே 1994இல், பருவக்காற்று வீசும் காலத்தில், ஜூலெஃப் குழுவினர் அதே போன்ற உலையைக் கட்டி எரித்தார்கள். பின்சுவர் நிரந்தரமானது, வளைந்து முகட்டைத் தழுவி நிற்பது. முன்சுவர் நேரானது. ஒவ்வொரு முறை உருக்கியதும் அதை உடைத்து இரும்பை எடுத்துவிட்டு மறுபடி கட்ட வேண்டும். அதன் அடியில் களிமண் குழாய்கள் வரிசையாகப் பதிக்கப்பட்டிருக்கும். உலைக்குள் சூடு 1500 பாகை செல்சியசை ஒட்டி ஏறியது. உள்ளே கிடைத்த உலோகத்தில் கார்பன் நிறைந்த உருக்கும் இருந்தது.

எரித்துப் பார்த்தபோதுதான் காற்றின் வேலை விளங்கியது. குழாய்க்குள் நேரே புகும் காற்று கதையின் பாதி. முன்சுவரின் உச்சியைத் தாண்டி வேகமாகப் பாயும் காற்று, சுவருக்கு உட்பக்கம் அழுத்தத்தைக் குறைக்கிறது. அந்தத் தாழ் அழுத்தம் அடியிலுள்ள குழாய்கள் வழியாக வெளிக் காற்றைச் சீராக உள்ளே இழுக்கிறது. முகட்டில் காற்று கூடிக் குறைந்தாலும் உலைக்குள் எரிவது தடுமாறுவதில்லை. 1996 ஜனவரியில் ‘நேச்சர்’ இதழ் இந்த ஆய்வை வெளியிட்டது. 2005இல் கணினியில் காற்றோட்டத்தைப் பாவனை செய்து பார்த்த பொறியியலாளர்களும் அதை உறுதிப்படுத்தினார்கள். சரந்தீப் (இலங்கை) உருக்கில் செய்த வாள்களைப் பற்றி 9ஆம் நூற்றாண்டில் அறிஞர் அல் கிந்தி அரபியில் எழுதியிருந்தார். அந்தப் பெயருக்கு இப்போது ஒரு மலையும் ஒரு மாதமும் கிடைத்தன.

இலங்கையின் இரும்புத் தொழிலைக் குறித்து வைத்தவர்களில் ஒரு தமிழர் உண்டு. 1903 முதல் 1906 வரை இலங்கைக் கனிமவள அளவீட்டுக்குப் பொறுப்பாக இருந்த ஆனந்த குமாரசுவாமி, பாறைகளைத் தேடிப் போன இடத்தில், இரும்பு உருக்கும் மரபில் மிஞ்சியிருந்த கடைசித் தலைமுறையைக் கண்டார். பலாங்கொடைப் பக்கம் மூசையில் உருக்குச் செய்யும் முறையையும் செய்து காட்டச் சொல்லிப் பதிந்தார். 1908இல் வந்த அவருடைய மத்தியகாலச் சிங்களக் கலை நூலில் அது இருக்கிறது. கலை வரலாற்றாளராக உலகம் அறிந்தவரின் கை, முதலில் தாதுவையும் கரியையும் தொட்ட கை.

மாத்தளை மாவட்டத்துக்கே உரிய கதையும் உண்டு. ரிவர்ஸ்டனிலிருந்து வடக்கே, சீகிரியாவைச் சூழ்ந்த கிரி ஓயாப் படுகையில், அலகொலவெவக்கு அருகில் தெஹிகஹ அல கந்த என்ற இடம். 1990களில் சீகிரியா, தம்புள்ளைப் பகுதிக் குடியிருப்புகளை ஆராய்ந்த திட்டத்தில், ரோஸ் சோலங்காராச்சியும் சுவீடனைச் சேர்ந்த ஸ்வாந்தே ஃபோரெனியசும் அங்கே பெரிய உருக்குத் தளமொன்றை அகழ்ந்தார்கள். கி.மு. 2ஆம் நூற்றாண்டிலிருந்து கி.பி. 4ஆம் நூற்றாண்டு வரை இயங்கிய தளம் அது. காசியப்ப மன்னன் சீகிரியாக் குன்றில் மாளிகை கட்டியது 5ஆம் நூற்றாண்டில். பாறையையும் ஓவியத்தையும் பார்க்க வருபவர்கள், அதற்கு முன்பே தேர்ந்த இரும்புத் தொழில் நடந்த நிலத்தைக் கடந்துதான் வருகிறார்கள். அங்குள்ள உலைகள் சமனலவெவ வகையைச் சேர்ந்தவை அல்ல. ஒரே தீவில், ஒவ்வோர் இடத்தின் தாதுவுக்கும் மரத்துக்கும் ஏற்ப மக்கள் வெவ்வேறு வழி கண்டிருக்கிறார்கள். சோலங்காராச்சி பின்னர் அந்தப் படுகையின் இரும்புத் தொழிலையும் குடியிருப்புகளையுமே தம் முனைவர் பட்ட ஆய்வாக்கினார். ஒரே ஓடைக்கரைக்கு ஆண்டுக்கணக்காகத் திரும்பத் திரும்பப் போவது இத்துறையில் வழக்கம்.

இத்துறைக்கு வர விரும்பும் பிள்ளைகள் எதைப் படிக்க வேண்டும் என்று கேட்பார்கள். தொல்லியல் வேண்டும், வேதியியல் வேண்டும், நிலவியல் கொஞ்சம் வேண்டும். பெங்களூரைச் சேர்ந்த சாரதா ஸ்ரீநிவாசன், தென்னிந்தியச் செப்புத் திருமேனிகளில் உள்ள ஈயத்தின் ஐசோடோப்புகளை அளந்து அவற்றின் காலத்தையும் மரபையும் பிரித்துக் காட்டியவர். அவர் பரதநாட்டியக் கலைஞரும்கூட. நடராசரின் தூக்கிய காலைத் தம் உடம்பால் அறிந்தவர், அதே சிலையின் உலோகத்தையும் அளந்தார். 2010இல் அவரும் உலோகவியலாளர் எஸ். ரங்கநாதனும் ஜூலெஃப்புடன் சேர்ந்து தெலங்கானாவின் பழைய இரும்பு, உருக்குத் தளங்களை ஊர் ஊராகப் பதிவு செய்யும் பணியில் இறங்கினார்கள்.

படிப்போடு ஒரு கம்மாலையில் சில நாள் இருந்து பார்ப்பதும் நல்லது. பழுத்த இரும்பின் நிறம் பார்த்துச் சூடு சொல்லும் கொல்லரிடம், எந்தக் கரி நின்று எரியும், எது பொறி பறக்கும் என்று கேட்டால், புத்தகத்தில் இல்லாத பதில் வரும். சம்மட்டி அடியில் செதிலாகத் தெறிக்கும் மெல்லிய தகடுகளை அங்கே ஒருமுறை பார்த்தவர், அகழ்வுக் குழியில் காந்தத்தை மண்ணில் இழுக்கும்போது ஒட்டிக்கொள்ளும் செதிலை உடனே அடையாளம் காண்பார். அந்த மண் தரை ஒரு கொல்லனின் பட்டறைத் தரை.

கிடைத்த இரும்பைக் காப்பாற்றுவது தனி வேதனை. ஆயிரம் ஆண்டு மண்ணுக்குள் அமைதியாகக் கிடந்த கத்தி, வெளியே வந்த சில மாதங்களில் வெடித்து உதிரலாம். துருவுக்குள் இருக்கும் குளோரைட்டு உப்பு, காற்றின் ஈரத்தைக் கண்டதும் மறுபடி வேலையைத் தொடங்கும். உடனே காற்றுப்புகாப் பெட்டியில் ஈரம் உறிஞ்சும் சிலிக்கா மணிகளோடு வைக்க வேண்டும். கம்பித் தூரிகையால் துருவைத் தேய்த்துவிடுவது பெரிய பாவம். கத்தியின் உண்மையான விளிம்பு பெரும்பாலும் அந்தத் துருப் படலத்துக்குள்தான் இருக்கும். முதலில் எக்ஸ்ரே. தொடுவது அதற்குப் பிறகு.

அகழ்வுக்குப் போகும் மாதத்தை வழக்கமாக மழையும் பல்கலைக்கழகக் கால அட்டவணையும் முடிவு செய்யும். மண் காய்ந்திருக்க வேண்டும், கூடாரம் பறக்கக் கூடாது. அப்படிக் காற்றடங்கிய நாளில் சமனலவெவ முகட்டுக்குப் போனவருக்கு ஒரு வெறுங்குன்றும் சில கறுப்புக் கட்டிகளும் தெரிந்திருக்கும். உலையின் முக்கிய உறுப்பு அன்றைக்கு ஊரில் இல்லை. எனவே மலையில் வேலை செய்பவரின் குறிப்பேட்டில், மண்ணின் நிறம், ஆழம், கிட்டத்தின் எடை என்ற வரிசையில் காற்றின் திசைக்கும் வேகத்துக்கும் ஒரு கட்டம் வேண்டும். ரிவர்ஸ்டன் கணவாயில் ஜூலை மாதத்து முற்பகலில், வாகனத்திலிருந்து இறங்கி, கதவை முதுகால் அணைத்துப் பிடித்தபடி அந்தக் கட்டத்தை நிரப்பினால், எழுத வேண்டியது இவ்வளவுதான்: மேற்கிலிருந்து, இடைவிடாமல்.