சிவப்பு மையில் ஓர் ஒற்று

தமிழின் பதினெட்டு மெய்களை இரண்டு வரிசையாக எழுதுங்கள். மேலே க, ங, ச, ஞ, ட, ண, த, ந, ப. கீழே ம, ய, ர, ல, வ, ழ, ள, ற, ன. ஒவ்வோர் எழுத்துக்கும் பதிலாக அதற்கு நேர் மேலேயோ கீழேயோ இருப்பதை எழுத வேண்டும். உயிரெழுத்து, கால், கொம்பு, புள்ளி எதையும் தொடக் கூடாது. ‘கடிதம்’ இப்போது ‘மவிளக்’. ‘நான்’ என்பது ‘றாப்’. பதினெட்டு வயதில், மதுரையில் ஒரு கல்லூரி விடுதியில் இருந்தபோது நானாகக் கண்டுபிடித்த மறையெழுத்து இது. என் நாட்குறிப்பு முழுக்க இதில்தான் இருந்தது.

நான் கணிதம் படித்தவள். பதினெட்டு எழுத்துகளை இணை இணையாகப் பிரிக்க 3,44,59,425 வழிகள் உண்டு. அந்த எண்ணைக் கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு, இதை உடைக்க ஒருத்தியும் பிறக்கவில்லை என்று நிம்மதியாகத் தூங்கினேன்.

என்ன எழுதினேன்? இரண்டு தாள்களில் தோற்றுவிட்டு, எல்லாம் பாஸ் என்று அம்மாவிடம் சொன்னதை எழுதினேன். அதைவிட அதிகமாக அறைத்தோழியைப் பற்றி எழுதினேன். அவள் தமிழ் இலக்கிய மாணவி. விளக்கை அணைக்க விடமாட்டாள், வாய்விட்டுப் படிப்பாள், என் தேங்காயெண்ணெயைக் கேட்காமல் எடுத்துக்கொள்வாள். இதெல்லாம் சில்லறைப் புகார்கள். விடுதியில் எல்லாருக்கும் அவளைப் பிடித்திருந்தது, என்னைப் பிடிக்கவில்லை, விஷயம் அதுதான். அவளைப் பார்க்க ஊரிலிருந்து வந்த அவள் அம்மாவின் புடவையைக்கூட ஒரு பக்கம் கேலி செய்து எழுதியிருந்தேன். சாதாரணத் தமிழில் அந்தப் பக்கத்தை எழுதியிருக்கவே மாட்டேன். யாரும் படிக்க முடியாது என்ற தைரியம் எழுதவைத்தது.

ஒரு நாள் நோட்டைத் திறந்தால், ‘அற்ள னெழ்’ என்று நான் எழுதியிருந்த இடத்தில் இரண்டு சொற்களுக்கும் நடுவே சிவப்பு மையில் ஒரு ‘ன்’ செருகியிருந்தது. ‘அற்ளன் னெழ்’. மாற்றிப் படித்தேன். ‘அந்த பெண்’ என்று எழுதியிருந்தேன். ‘அந்தப் பெண்’ என்று ஒற்று மிக வேண்டும். திருத்தம் சரி. அதையும் என் மறையெழுத்திலேயே செய்திருந்தாள். அந்தப் பெண்ணும் அவள்தான்.

எப்படி உடைத்தாள் என்பதை அன்று இரவே சொன்னாள். முதலில் அவள் பார்த்தது சொற்களின் ஈறுகளை. க், த், ப் என்று வல்லின மெய்யில் முடிகிற சொற்கள் பக்கம் முழுக்க இருந்தன. தமிழ்ச் சொல் அப்படி முடியாது. சந்தியில் மிகுந்த ஒற்றோ என்று பார்த்திருக்கிறாள். அப்படியென்றால் அடுத்த சொல் அதே எழுத்தில் தொடங்க வேண்டும், தொடங்கவில்லை. பிறகு ‘அழ்ழப்’ என்றொரு சொல் கண்ணில் பட்டது. ரகரமும் ழகரமும் இரட்டிக்காது என்று நன்னூல் வகுப்பில் படித்தவள். என் பக்கங்களில் ர்ர, ழ்ழ இரண்டும் தாராளமாகக் கிடந்தன. ஆக, மெய்கள் இடம் மாறியிருக்கின்றன, உயிர்க்குறிகள் அப்படியே இருக்கின்றன.

அடுத்ததுதான் என்னை வாயடைக்கவைத்தது. இந்தக் கிறுக்கலுக்கு நடுவே ‘அக்கா’ மட்டும் நல்ல தமிழாக அடிக்கடி வந்துகொண்டிருந்தது. “உனக்கு ஏதுடி அக்கா? நீதானே வீட்ல மூத்தவ?” என்றாள். அப்படியானால் அது அம்மாவாக இருக்கலாம், அப்பாவாகவும் இருக்கலாம். ஆனால் பல சொற்கள் ‘க்’ என்று முடிகின்றன. ப் என்று தமிழ்ச் சொல் முடியாது, ம் என்று ஆயிரம் சொற்கள் முடியும். அம்மாதான். ம் கிடைத்ததும் ‘க்ன’ என்பது ‘ம்ப’ ஆனது. மெல்லினம் தன் இன வல்லினத்தோடு சேர்ந்து வரும் என்ற விதியை வைத்து ய்ம, ல்ர, ற்ள எல்லாம் ங்க, ஞ்ச, ந்த என்று வரிசையாக விழுந்தன. மெய்ம்மயக்கம் என்ற பாடத்தைப் பரீட்சைக்குத் தவிர வேறெதற்காவது பயன்படுத்தியவளை நான் அதுவரை பார்த்ததில்லை.

“அப்போ எல்லாத்தையும் படிச்சிட்டியா?” என்று கேட்டேன்.

“படிச்சேன்.”

“புடவையைப் பத்தி எழுதினதையும்?”

“ம். அந்தப் பக்கத்துல பிழை ஒண்ணும் இல்ல.”

நான் மன்னிப்புக் கேட்டேன், அவள் விளக்கை எரியவிட்டு வாய்விட்டுப் படிக்கத் தொடங்கினாள். அரியர் தாள்களுக்கு என்னை விடியற்காலையில் எழுப்பிவிட்டதும் அவள்தான். யாராவது படிக்க வேண்டும் என்று உள்ளூர ஆசைப்பட்டுத்தான் எளிய பூட்டாகப் போட்டிருப்பாய் என்று மனோதத்துவம் பேசியவர்கள் உண்டு. கிடையாது. பிரமாதமான பூட்டு என்றே நம்பினேன்.

பின்னாளில் இதைப் பற்றித் தேடித் தேடிப் படித்தபோது, அவள் செய்ததற்கு வயது ஆயிரத்துக்கும் மேல் என்று தெரிந்தது. ஒன்பதாம் நூற்றாண்டில் பாக்தாதில் வாழ்ந்த அல்-கிந்தி, மறையெழுத்தை உடைக்கும் வழியை எழுதிவைத்தார். அதே மொழியில் ஒரு நீண்ட பனுவலை எடுத்து, எந்த எழுத்து எத்தனை முறை வருகிறது என்று எண்ணு, மறைத்த பனுவலிலும் எண்ணு, இரண்டையும் பொருத்து. மூன்று கோடியே சொச்சம் வழிகள் என்ற என் கணக்கு இதற்கு முன்னால் செல்லாது. ஒவ்வொன்றாக முயல்கிறவனைத்தான் அந்த எண் தடுக்கும். என் மறையெழுத்தில் மாற்றிக்கொள்ளத்தக்க திறவுகோல் என்று எதுவும் இல்லாததும் ஒரு குறை. முறை எதிரிக்குத் தெரிந்தாலும் திறவுகோல் மட்டும் தெரியாமலிருந்தால் செய்தி பிழைக்க வேண்டும் என்று கெர்க்ஹாஃப்ஸ் 1883-இலேயே எழுதிவிட்டார்.

ஸ்காட்லாந்து ராணி மேரியின் கதையைப் படித்தபோதுதான் எனக்குக் காது சுட்டது. இங்கிலாந்தில் சிறைக்காவலில் இருந்த அவருக்குக் கடிதங்கள் பீர்ப் பீப்பாய்க்குள் ஒளிந்து போய்வந்தன. எழுத்துகளுக்குக் குறிகள், முக்கியச் சொற்களுக்குத் தனிக் குறிகள், ஏமாற்றுவதற்குப் பொருளற்ற குறிகள் என்று அவருடைய மறையெழுத்து என்னுடையதைவிட எவ்வளவோ மேல். அதை நம்பி, 1586 ஜூலையில் எலிசபெத் ராணியைக் கொல்லும் சதிக்குச் சம்மதம் தெரிவிக்கும் கடிதத்தைச் சதிகாரர் பாபிங்டனுக்கு அனுப்பினார். பீப்பாய் வழியே எலிசபெத்தின் அமைச்சர் வால்சிங்கமின் கண்காணிப்பில் இருந்தது. அவருடைய ஆள் ஃபிலிப்ஸ் கடிதத்தை உடைத்துப் படித்தார். போதாதென்று, சதியில் இறங்கும் ஆறு பேரின் பெயர்களைக் கேட்டு அதே மறையெழுத்தில் ஒரு பின்குறிப்பும் சேர்த்தார். 1587 பிப்ரவரியில் மேரியின் தலை போனது. மறையெழுத்தே இல்லாதிருந்தால் மேரி சுற்றிவளைத்து, இரட்டை அர்த்தத்தில், மழுப்பி எழுதியிருப்பார். பலவீனமான பூட்டு, பூட்டே இல்லாததைவிட மோசம், நாக்கை அவிழ்த்துவிடும். புடவையைப் பற்றிய என் பக்கத்துக்கும் இந்தக் கடிதத்துக்கும் அளவில்தான் வித்தியாசம்.

மேரியின் வேறு சில கடிதங்கள் 2023-இல்தான் வெளியே வந்தன. பாரிஸில் பிரான்ஸ் தேசிய நூலகத்தில் இத்தாலி தொடர்பான ஆவணங்கள் என்று பட்டியலிடப்பட்டுக் கிடந்தவை. ஜார்ஜ் லாஸ்ரி, நோர்பெர்ட் பியர்மான், சதோஷி தோமோகியோ என்ற மூவர் கணினி உதவியோடு உடைத்தார்கள். இத்தாலியன் என்று நினைத்து முயன்றபோது ஒன்றும் நகரவில்லை. பிரெஞ்சு என்று வைத்துப் பார்த்ததும் திறந்துகொண்டது. 1578 முதல் 1584 வரை மேரி எழுதிய 57 கடிதங்கள். மொழியின் இயல்பைப் பிடித்துத்தான் என் அறைத்தோழியும் உடைத்தாள்.

இன்று இதற்கெல்லாம் இலவசக் கருவிகள் இருக்கின்றன. பிரிட்டனின் உளவு நிறுவனமான ஜிசிஹெச்க்யூ 2016-இல் வெளியிட்ட சைபர்செஃப், ஜெர்மனியில் பிறந்த கிரிப்டூல் இரண்டையும் நான் மணிக்கணக்கில் நோண்டியிருக்கிறேன். சீசர் தன் எழுத்துகளை மூன்று இடம் தள்ளி எழுதிய முறையெல்லாம் ஒரு சொடுக்கில் விழுந்துவிடும். ஆனால் சைபர்செஃப்பில் அப்படி எழுத்தைத் தள்ளும் கருவியில் தமிழை ஒட்டிப் பாருங்கள், போட்டது போட்டபடி திரும்பி வரும். அது அறிந்தது ஆங்கிலத்தின் 26 எழுத்துகளை மட்டுமே. தமிழை உடைக்க இன்னும் பென்சிலும் நன்னூலும்தான்.

அறைத்தோழி இப்போது பள்ளியில் தமிழாசிரியை. சில வருடங்களுக்கு முன் “புதுசா ஒண்ணு அனுப்புடி” என்றாள். பெல்லாசோ 1553-இல் வெளியிட்டு, பிறகு விஷனேர் பெயரில் நிலைத்துவிட்ட முறையில் ஒன்று செய்து அனுப்பினேன். ஒரு திறவுச்சொல்லைத் திரும்பத் திரும்ப எழுதி, அதன் ஒவ்வோர் எழுத்துக்கும் ஏற்ப மெய்யை வெவ்வேறு தூரம் தள்ள வேண்டும்; ஒரே எழுத்து இடத்துக்கு இடம் வேறாகத் தெரியும். அதையும் உடைத்துவிட்டாள். இகரத்தில் தொடங்கி, நடுவில் ஒரு புள்ளி வந்து, ஐகாரத்தில் முடிகிற மூன்றெழுத்துச் சொல் எத்தனை இருக்கும்? ‘இல்லை’ என்று ஊகித்து, அங்கிருந்து திறவுச்சொல்லைப் பின்னோக்கிப் பிடித்தாள்.

மூன்றாவதில் உயிர்க்குறிகளையும் விட்டுவைக்கவில்லை. புள்ளியையும் ஒரு குறியாகச் சேர்த்து, மெய்களுக்கு ஒரு திறவுச்சொல், உயிர்க்குறிகளுக்கு வேறு நீளத்தில் இன்னொன்று. இதில் திணறுகிறாள். ஒரே துணுக்கு திரும்ப வரும் இடைவெளிகளை அளந்து திறவுச்சொல்லின் நீளத்தைப் பிடிக்கும் வழியைக் கசிஸ்கி 1863-இல் எழுதியிருக்கிறார். அதற்குப் பனுவல் நீளமாக வேண்டும். அவளுக்கும் அது தெரிந்துவிட்டது. “ரெண்டு வரியை வச்சுக்கிட்டு என்ன பண்றது? பத்து பக்கம் அனுப்பு” என்கிறாள். மகளுக்குக் கல்யாணப் பேச்சு நடக்கிறது, எழுத விஷயம் நிறைய இருக்கிறது. ஆறாம் பக்கம் வரை வந்திருக்கிறேன்.