ஒரே ஊர், இரண்டு தெருக்கள்

சான் அன்டோனியோவுக்கு வருகிறவர்கள் முதலில் பார்ப்பது அலமோவைத்தான். 1836இல் மெக்ஸிகோ படையை எதிர்த்து நின்று மடிந்தவர்களின் நினைவிடம். அமெரிக்காவின் டெக்ஸாஸ் மாநிலத்தில் அது கிட்டத்தட்ட ஒரு கோவில். கும்பிடு போட்டுவிட்டு, ஆற்றோர நடைபாதையில் கலர் கலரான குடைகளின் கீழ் உட்கார்ந்து எதையாவது சாப்பிட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அமெரிக்கப் பள்ளிகளின் தலைவிதி இந்த ஊரில் தொடங்கிய ஒரு வழக்கில் எழுதப்பட்டது என்பதை எந்த வழிகாட்டியும் சொல்வதில்லை. அதைப் பார்க்க இரண்டு தெருக்களில் போக வேண்டும்.

ப்ராட்வே தெருவில் வடக்கே போனால் அலமோ ஹைட்ஸ். பெரிய மரங்கள், கத்தரித்த புல்வெளிகள், உள்வாங்கிக் கட்டிய வீடுகள். கமர்ஸ் தெருவில் மேற்கே போனால் எட்ஜ்வுட். கம்பி வேலி போட்ட சின்னச் சின்ன வீடுகள், டயர் கடைகள், ஸ்பானிஷ் மொழியில் பெயர்ப் பலகைகள். எந்த நாட்டிலும் பணக்காரத் தெருவும் ஏழைத் தெருவும் உண்டு. இதில் என்ன அதிசயம்?

அதிசயம் வரிக் கணக்கில் இருக்கிறது. நம் நாட்டில் அரசுப் பள்ளி ஆசிரியரின் சம்பளம் பெரும்பாலும் மாநிலக் கருவூலத்திலிருந்து வருகிறது. அமெரிக்காவில் பள்ளிச் செலவின் கணிசமான பகுதியை அந்தந்தப் பள்ளி மாவட்டமே வீடு, நிலத்தின் மீது வரி போட்டுத் திரட்ட வேண்டும். இந்த ஒரு பெருநகரத்துக்குள்ளேயே பல பள்ளி மாவட்டங்கள். வெள்ளையர் அல்லாதவர்களுக்கு வீடு விற்கக் கூடாது என்று கிரயப் பத்திரத்திலேயே எழுதிவைத்த காலம் இந்த ஊரிலும் இருந்தது. அதனால் யார் எங்கே வசித்தார்கள் என்பது தற்செயல் அல்ல.

1967-68 கணக்கு நீதிமன்ற ஆவணங்களில் இருக்கிறது. எட்ஜ்வுட் மாணவர்களில் 90 சதவீதம் பேர் மெக்ஸிகோ வம்சாவளியினர், 6 சதவீதத்துக்குச் சற்று மேல் கறுப்பர்கள். அங்கே 100 டாலர் சொத்துக்கு 1.05 டாலர் வரி. பெருநகரிலேயே அதிகம். மாநிலத் திட்டத்துக்குக் கட்டியது போக மிஞ்சியது மாணவர் ஒருவருக்கு 26 டாலர். அலமோ ஹைட்ஸில் வரி 85 சென்ட்தான். மிஞ்சியதோ 333 டாலர். ஏழை அதிக விகிதத்தில் வரி கட்டினார், பணக்காரரின் பிள்ளைக்கு அதிகம் கிடைத்தது. ஏற்றத்தாழ்வைக் குறைக்க வேண்டிய மாநிலத் திட்டத்திலிருந்து வந்தது எட்ஜ்வுட்டுக்கு 222 டாலர், அலமோ ஹைட்ஸுக்கு 225!

1968 மே மாதம் எட்ஜ்வுட் உயர்நிலைப் பள்ளி மாணவர்கள் சுமார் 400 பேர் வகுப்பைவிட்டு வெளியேறி ஊர்வலம் போனார்கள். தகுதியுள்ள ஆசிரியர்கள் வேண்டும், பாடத்துக்கான பொருட்கள் வேண்டும் என்பதுதான் கோரிக்கை. சில வாரங்களில் பெற்றோர்கள் வழக்குப் போட்டார்கள். முதல் பெயர் டெமெட்ரியோ ரோட்ரிகஸ். கெல்லி விமானப்படைத் தளத்தில் உலோகத் தகடு வேலை பார்த்தவர்.

கீழ் நீதிமன்றத்தில் 1971இல் ஜெயித்தார். 1973 மார்ச் 21 அன்று உச்ச நீதிமன்றத்தில் 5க்கு 4 என்று தோற்றார். அமெரிக்க அரசியல் சட்டம் கல்வியை அடிப்படை உரிமையாகச் சொல்லவில்லை என்று பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் லூயிஸ் பவல். ஒரு காலத்தில் ரிச்மண்ட் நகரப் பள்ளி வாரியத்தின் தலைவராக இருந்தவர். கடுமையாக மறுத்து எழுதியவர் தர்குட் மார்ஷல். நிறவாரியாகப் பள்ளிகளைப் பிரிப்பது செல்லாது என்ற 1954 தீர்ப்புக்காக வக்கீலாக வாதாடியவர்.

எட்ஜ்வுட் விடவில்லை. 1984இல் மாநில நீதிமன்றப் படியேறியது. 1989இல் டெக்ஸாஸ் உச்ச நீதிமன்றம் ஒருமனதாக, இந்த முறை மாநில அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்றது. 1968இல் முதல் வகுப்பில் சேர்ந்த குழந்தை அதற்குள் பள்ளியை முடித்து ஒன்பது ஆண்டுகள் ஆகியிருக்கும்.

1993இல் வசதியான மாவட்டங்களின் வரியில் ஒரு பகுதியை மற்றவற்றுக்குப் பகிரும் சட்டம் வந்தது. மக்கள் அதற்கு வைத்த பெயர் ‘ராபின் ஹூட்’. பணம் கொடுத்த மாவட்டங்களில் அலமோ ஹைட்ஸும் ஒன்று. இடைவெளி குறைந்தது; வழக்குகள் குறையவில்லை. 2016இல் அதே மாநில நீதிமன்றம், குறைகள் உண்டு, ஆனாலும் குறைந்தபட்சத் தேவையை நிறைவேற்றுகிறது என்று சொல்லி நிதி முறையை ஏற்றுக்கொண்டது. ரோட்ரிகஸ் அதைப் பார்க்க இல்லை, 2013இல் காலமாகிவிட்டார்.

மாலையில் கமர்ஸ் தெருவில் பள்ளி பஸ் ஒன்று நின்று பிள்ளைகளை இறக்கிவிடுகிறது. காலையில் ப்ராட்வேயில் பார்த்ததும் இதே மஞ்சள் நிற பஸ்தான்.