எடுக்காத மஞ்சள் கொடி

ஆன்சைட் வந்து பதினாலு மாசம் ஆச்சு. இந்த ஊர்க்காரங்க ஃபுட்பால்னு சொல்றதை முதல்ல பாத்தப்ப எனக்கு ஒரே ஒரு சந்தேகம்தான். காலால உதைக்கறதே அபூர்வம், இதுக்கு ஏன்யா இந்தப் பேரு? கிளையண்ட் ஆபீஸ்ல என் பக்கத்து சீட் டெஸ்டர், அறுபதைத் தாண்டின மனுஷர். அவர்தான் ஞாயித்துக்கிழமைகள்ல வீட்டுக்குக் கூப்பிட்டு, சிப்ஸும் கொடுத்து, பொறுமையா பாடம் எடுத்தார். ஓரளவு எல்லாம் புரிஞ்சுது, பாஸ் இன்டர்ஃபியரன்ஸைத் தவிர.

விஷயம் இதுதான் மக்களே. நாலு முயற்சிக்குள்ள (அதுக்குப் பேரு டவுன்) பத்து யார்டு முன்னேறணும். ஒரு டவுனுக்கு ஒரே ஒரு தடவைதான் பந்தை முன்பக்கமா எறியலாம், அதுவும் ஆட்டம் தொடங்கற கோட்டுக்குப் பின்னாடி நின்னுதான். குவாட்டர்பேக் எறிவார், ரிசீவர் ஓடிப்போய் பிடிப்பார், டிஃபெண்டர் தடுப்பார். பந்து கையை விட்டுக் கிளம்பினப்புறம், அது வந்து சேர்றதுக்குள்ள டிஃபெண்டர் ரிசீவரை இடிச்சோ கையைப் பிடிச்சோ வாய்ப்பைக் கெடுத்தா தப்பு. ஆனா ரெண்டு பேருமே பந்துக்காக எம்பி, அதுல மோதிக்கிட்டா தப்பில்லை. பந்து மேல ரெண்டு பேருக்கும் சம உரிமை. யாராலயும் பிடிக்கவே முடியாத பந்துன்னாலும் தப்பில்லை.

கிட்டத்தட்ட நம்ம எல்பிடபிள்யூ கதைதான். கால் குறுக்க வராட்டி ஸ்டம்புல பட்டிருக்குமா? இடிக்காம இருந்தா பிடிச்சிருப்பாரா? நடக்காத ஒண்ணை வச்சு ஒரு மனுஷன் அரை நொடியில தீர்ப்பு சொல்லணும்.

தண்டனை ரொம்பப் பெருசு. என்எஃப்எல்-ல தப்பு நடந்த இடத்துக்கே பந்தைக் கொண்டுபோய் வச்சு, புதுசா நாலு டவுன் கொடுத்துடுவாங்க. நாப்பது யார்டு தள்ளி நடந்தா நாப்பது யார்டும் சும்மா கிடைக்கும். எண்ட் ஸோனுக்குள்ள நடந்தா ஒரு யார்டு கோட்டுல பந்து. காலேஜ் ஆட்டத்துல அதிகபட்சம் பதினஞ்சு யார்டுதான். ரிசீவர் தள்ளினாலும் தப்புதான், அதுக்கு என்எஃப்எல்-ல பத்து யார்டு பின்னாடி போகணும்.

போன மாசம் டெஸ்டர் ஒரு பழைய ஆட்டத்தைப் போட்டுக் காட்டினார். 2019 ஜனவரி 20, நியூ ஆர்லியன்ஸ். செயின்ட்ஸுக்கும் ராம்ஸுக்கும் மேட்ச், ஜெயிச்சா சூப்பர் பவுல். 20-20, ரெண்டு நிமிஷத்துக்கும் குறைவா பாக்கி. செயின்ட்ஸ் ரிசீவர் டாமிலீ லூயிஸுக்குப் பந்து வருது. அது வர்றதுக்கு முன்னாடியே ராம்ஸோட நிக்கெல் ரோபி-கோல்மன், பந்தைத் திரும்பிக்கூட பாக்காம, வந்த வேகத்துல இடிச்சுத் தள்ளறார். கொடி விழலை. விழுந்திருந்தா செயின்ட்ஸ் நேரத்தைக் கரைச்சுட்டு கடைசி நொடிகள்ல ஃபீல்ட் கோல் அடிச்சு முடிச்சிருக்கலாம். அப்பவே அடிக்க வேண்டியதாப் போச்சு. ராம்ஸ் சமன் பண்ணி, கூடுதல் நேரத்துல 57 யார்டு கிக் அடிச்சு 26-23ன்னு ஜெயிச்சுட்டாங்க.

"இதை எப்படி பாக்காம விட்டாங்க?"ன்னு கேட்டேன்.

"பாத்திருப்பாங்கன்னுதான் நினைக்கறேன். அவ்ளோ பெரிய ஆட்டம், கடைசி நேரம், நம்மால முடிவு மாறிடக்கூடாதுன்னு கை தயங்கியிருக்கும். ஆனா எடுக்காததாலயும் முடிவு மாறத்தானே செஞ்சுது?" அப்படின்னார்.

சிப்ஸ் தொண்டையில சிக்கிடுச்சு. சொல்லிடறேன்.

அதுக்கு ரெண்டு மாசம் முன்னாடி ஒரு சனிக்கிழமை ராத்திரி எங்க ரிலீஸ் படுத்துடுச்சு. சென்னை டீம்ல ஒரு பையன், வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகலை. கான்ஃபிக் ஃபைல்ல ஒரு மாற்றம் சரியான்னு சாட்ல எங்கிட்டதான் கேட்டான். நான் ஒழுங்கா பாக்காம "போடு, பாத்துக்கலாம்"னேன். அதுதான் காரணம். மறுநாள் காலையில கால்ல மேனேஜர் அவனை இருபது நிமிஷம் காய்ச்சினார். பையன் என் பேரைச் சொல்லவே இல்லை. நான் மியூட்ல இருந்தேன். ஒரே ஒரு பட்டன், அமுக்கலை. அப்ரைசல்ல அவனுக்கு ரேட்டிங் குறைஞ்சுது.

அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரலை. காலையில மேனேஜருக்கு நடந்ததை நடந்தபடி மெயில் போட்டேன், பையனுக்கும் காப்பி வச்சு. "இனிமே கவனமா இருங்க, இந்த வருஷ ரேட்டிங் முடிஞ்சுபோச்சு"ன்னு ரெண்டு வரியில பதில் வந்துச்சு.

என்எஃப்எல் கதையும் அதேதான். தலைவர் ராஜர் குடெல்லே அது கொடி எறிய வேண்டிய ஆட்டம்தான்னு ஒத்துக்கிட்டார். முடிவு மாறலை. 2019 சீசன்ல பாஸ் இன்டர்ஃபியரன்ஸையும் வீடியோ பாத்து திருத்தலாம்னு விதி கொண்டுவந்தாங்க. எதைத் திருத்தறது எதை விடறதுன்னு ஒரே குழப்பம், ஒரு வருஷத்தோட கைவிட்டாங்க.

சாயங்காலம் பையன் கூப்பிட்டான். மன்னிப்பு கேட்டேன். "பரவால்லண்ணா"ன்னான். கொஞ்ச நேரம் கழிச்சு, "அந்த சாட் எங்கிட்ட அப்படியே இருக்குண்ணா. நீங்களே சொல்வீங்கன்னு நினைச்சேன்"னான்.

எனக்குப் பதில் பேச வரலை. இந்தத் தடவை மியூட்ல இல்லை.

டிஸ்கி: ஃபுட்பாலுக்கு ஏன் அந்தப் பேருன்னு இன்னும் தெரியலை. டெஸ்டர் கிட்ட கேட்டா சிப்ஸ் தட்டை நகர்த்தறார் :-)