சிரிக்க வைத்துச் சுட்டவர்

படம் முடிந்தது, விளக்கு எரிந்தது. வயிறு குலுங்கச் சிரித்த நாம், வாயடைத்து அமர்ந்திருந்தோம். 1963இல் வந்த 'எல் வெர்துகோ' எனும் ஸ்பானியப் படம் அது. இயக்குநர் பெர்லாங்காவைப் புகழ்ந்தோம். நடிகர் மன்ஃபிரெடியைப் புகழ்ந்தோம். அவருடன் கூடி எழுதியவர் யாரென அன்று நாம் கேட்டோமில்லை. அந்தக் கடனைத் தீர்க்கவே இக்கட்டுரை.

ரஃபேல் அஸ்கோனா அவர் பெயர். 1926இல் லொக்ரோஞோ நகரில் பிறந்தவர். மத்ரீத் சென்று, 'லா கொதோர்னிஸ்' எனும் நகைச்சுவை ஏட்டில் எழுதியவர். பிராங்கோவின் கொடுங்கோல் ஓங்கியிருந்த காலம். தணிக்கையாளர் கத்தரியோடு காத்திருந்த காலம். வெளிப்படையாகப் பேச வழியில்லை. அஸ்கோனா என்ன செய்தார்? சிரிக்க வைத்தார்!

1961இல் 'பிளாசிதோ'. கிறிஸ்துமஸ் இரவில் செல்வர் தம் மேசையில் ஏழையை அமர்த்தி விருந்திடும் ஆரவாரம்! அதற்கென வண்டியோட்டும் ஏழையோ, தன் வண்டியின் தவணையைக் கட்ட வழியின்றி அலைகிறான். ஈகைக்கு விளம்பரம் உண்டு. ஏழையின் குரலுக்குச் செவி இல்லை. 'ஏழை ஒருவனை உம் மேசையில் அமர்த்துக' என்று முதலில் இட்ட தலைப்பையே தணிக்கை தடுத்தது. குத்தல் தைத்த இடம் அதுவன்றோ!

'எல் வெர்துகோ'வின் நாயகன் பிணப்பெட்டி சுமக்கும் இளைஞன். மரண தண்டனை நிறைவேற்றும் முதியவரின் மகளை மணக்கிறான். அரசு வீடு கிடைக்க வேண்டுமாயின், மாமனாரின் வேலையை ஏற்க வேண்டும். அழைப்பே வராதென நம்பி ஏற்கிறான். அழைப்பு வருகிறது! கொல்லப்பட இருப்பவன் முன்னே நடக்கிறான். கொல்ல வேண்டியவனையோ பின்னே இழுத்துச் செல்கின்றனர்.

அவன் கொடியவன் அல்லன்; வீடு வேண்டினான், அவ்வளவே. நம்மைச் சுட்டது அதுதான். நாம் பணியாற்றிய இடத்தில் தோழர் ஒருவர் அநீதியாக நீக்கப்பட்டபோது, "வாடகை கட்ட வேண்டுமே" என்று வாய்மூடி நின்றோம். அன்று நம்மையும் எவரும் வாள்முனையில் மிரட்டவில்லை.

வெனிஸ் விழாவில் படம் திரையிடப்பட்டபோது, ஸ்பெயின் தூதர் சினந்தார். சினம் மறைந்தது, படம் நிலைத்தது. 1978இன் அரசியலமைப்பு, போர்க்கால இராணுவச் சட்டம் நீங்கலாக, மரண தண்டனையை ஒழித்தது. 1995இல் எஞ்சியதும் ஒழிந்தது. 1999இல் வந்த 'வண்ணத்துப்பூச்சியின் நாக்கு' படத்திலோ, அஞ்சிய ஊரோடு சேர்ந்து, தன் அன்பு ஆசிரியர்மீதே கல்லெறியும் சிறுவனைக் காட்டினார் அஸ்கோனா.

புகழை நாடாது வாழ்ந்தவர், 2008இல் மறைந்தார். இளைஞர்களே, கொடுங்கோலன் ஒருவனால் மட்டும் கொடுமை நடப்பதில்லை. தலையசைக்கும் நல்லவர்களாலும் நடக்கிறது. அடுத்த முறை தலை அசையுமுன், இழுத்துச் செல்லப்பட்ட அந்த இளைஞனை எண்ணுவோம்.