பெரியம்மா கேட்ட ரோஜாக்

முதியோரை உண்ணச் செய்வது எத்துணை அரிய காரியம் என்பதை வீட்டில் முதியோர் உள்ளவர்களே அறிவர். குழந்தை உண்ண மறுத்தால் நிலாவைக் காட்டலாம், கதை சொல்லலாம், சிறிது அதட்டவுஞ் செய்யலாம். எண்பத்தொன்பது வயதான எமது பெரியம்மாவிடம் இவற்றுள் எதுவுஞ் செல்லாது. அவர் சொல்லும் கதைகளை நாம் கேட்டே பழக்கம். அவருக்குச் சொல்லுமளவுக்கு எம்மிடம் கதையில்லை.

சென்ற மாரிகாலத்திற் பத்து நாட்கள் காய்ச்சலாய்க் கிடந்து எழுந்த பின்னர் அவருக்கு உணவில் விருப்பம் அறவே அற்றுப்போயிற்று. கஞ்சி வைத்தோம், இடியப்பமும் சொதியும் வைத்தோம், அவர் எப்பொழுதும் விரும்பி உண்ணும் ஒடியற் கூழையுங் காய்ச்சினோம். இரண்டு வாய்க்கு மேல் இறங்கவில்லை. போதாக்குறைக்கு, இரத்த அழுத்தம் ஏறியிருக்கின்றது, உப்பை நன்றாகக் குறையுங்கள் என்று வைத்தியர் கூறிவிட்டார். உப்புக் குறைந்த கறியைச் சுவைத்துப் பார்த்து, "மண்ணைத் தின்னிற மாதிரிக் கிடக்கு" என்று பெரியம்மா கோப்பையைத் தள்ளிவைத்தார். நாளுக்கு நாள் உடல் மெலிந்தது. கையிற் கிடந்த காப்பு முழங்கை வரை ஏறி இறங்கியதைக் கண்டபோது எமக்கு அச்சம் உண்டாயிற்று.

இவ்வாறிருக்கையில் ஒருநாள் பிற்பகல், சாய்மனைக் கதிரையிற் கண்களை மூடியபடி கிடந்தவர், "ரோஜாக் இருந்தால் ரெண்டு வாய் தின்னலாம், பிள்ளை" என்றார்.

எமக்கு ஒன்றும் விளங்கவில்லை. வீட்டுச் சிறுவர்கள் ரோஜாப்பூக் கேட்கின்றார் என்றெண்ணி முற்றத்துக்கு ஓடினர்.

பெரியம்மா 1936ஆம் ஆண்டில் மலாயாவில், தைப்பிங் நகரிற் பிறந்தவர். மலாயாவின் முதலாவது புகையிரதப் பாதை 1885ஆம் ஆண்டு தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்ட் வரை போடப்பட்டது. அக்காலந் தொட்டு யாழ்ப்பாணத்து இளைஞர் பலர் ஆங்கிலம் படித்து, கப்பலேறி, அங்கே புகையிரதத் திணைக்களத்தில் எழுதுவினைஞராகவும் நிலைய அதிபராகவும் அமர்ந்தனர். எமது பேரனாரும் அவர்களில் ஒருவர். ஓய்வூதியம் பெற்றுக் குடும்பத்துடன் ஊர் திரும்பியது 1952இல். போர் முடிந்த பின் பிறந்த எமது தாயார் அப்பொழுது ஆறு வயதுச் சிறுமி. பெரியம்மாவோ பதினாறு வயதுக் குமரி. ஆகவே மலாயா நினைவுகள் யாவும் பெரியம்மாவுக்கே சொந்தம். எமது தாயார் காலஞ்சென்ற பின்னர் அவற்றைப் பகிர்ந்துகொள்ளவும் வேறொருவரில்லை.

ரோஜாக் என்ற மலாய்ச் சொல் கலப்பு என்று பொருள்படும். வெள்ளரிக்காய், அன்னாசி, மாங்காய், கொய்யாக்காய் முதலியவற்றைத் துண்டு துண்டாக வெட்டி, புளியும் இனிப்பும் உறைப்பும் உப்பும் கலந்த கரிய, தடித்த சாறொன்றை மேலே ஊற்றிப் பிரட்டி, வறுத்திடித்த கச்சானைத் தூவித் தருவார்கள். தைப்பிங் ஏரிப் பூங்காவின் அருகில் ஒரு கிழவன் இதனை விற்பானென்றும், பேரனார் சம்பள நாளில் வாங்கித் தருவாரென்றும் பெரியம்மா கூறினார். துண்டுகளுக்குக் குறைவில்லை, சந்தையில் எல்லாமுண்டு. சாறுதான் சங்கடம்.

ஐரோப்பியர் சலாதுக்கு எண்ணெயும் வினாகிரியும் ஊற்றுவர். தென்கிழக்காசியாவின் சாறுகள் பெரும்பாலானவற்றில் எண்ணெய்க்கு வேலையில்லை. வியட்நாமில் தேசிக்காய்ப் புளி, சீனி, மீன்சாறு, நீர், உள்ளி, மிளகாய் ஆகியவற்றைச் சேர்த்துத் தண்ணீர் போன்ற மெல்லிய சாறு செய்வர். தாய்லாந்தில் பப்பாசிக்காயைச் சீவி, அதே சுவைகளை உரலிலிட்டு இலேசாக இடித்துச் சேர்ப்பர். இந்தோனேசியாவில் அவித்த காய்கறிகளின் மேல் கச்சானை அரைத்த கட்டிச் சாறு. நாட்டுக்கு நாடு பொருள் மாறினாலும், புளிப்பு, இனிப்பு, உப்பு, உறைப்பு என்னும் நான்கும் ஒன்றையொன்று அடக்கி நிற்கவேண்டும் என்பதே முறை. எமது சம்பல் என்ற சொல்லும் மலாயரிடமிருந்து வந்ததுதான். ஆனால் எமது சம்பலில் உறைப்பே அரசன், மற்றவை குடிகள். அங்கே நால்வருக்கும் சம உரிமை.

கொழும்பிற் படிக்கும் எமது மகள் செய்தி கேட்டு, பெரிய கடையொன்றிலிருந்து மீன்சாற்றுப் போத்தல் ஒன்றை வாங்கி வந்தாள். நெத்தலி போன்ற சிறு மீன்களை உப்பிலிட்டுப் பல மாதங்கள் வைத்து வடித்தெடுப்பது அது. விலையைக் கேட்டு வாயடைத்துப் போனோம். அதனினும் பெரிய அதிர்ச்சி போத்தலின் பின்புறத்திற் காத்திருந்தது. ஒரு மேசைக்கரண்டி மீன்சாற்றில் ஏறக்குறைய 1,400 மில்லிகிராம் சோடியம் உண்டு. நாளொன்றுக்கு வளர்ந்தவர் ஒருவருக்கு 2,000 மில்லிகிராமுக்குக் குறைவாக இருக்கவேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு. போத்தலை மகளிடமே திருப்பிக் கொடுத்தோம். அவள் முகஞ் சுருங்கிற்று. பாவம், நல்ல மனத்தோடு கொண்டுவந்தவள்.

பின்பு நாமே முயன்றோம். வினாகிரியிற் சீனியைக் கரைத்து, மிளகாய்த் தூளிட்டுக் கொடுத்ததைப் பெரியம்மா முகர்ந்து பார்த்ததோடு சரி. "இது அச்சாறுத் தண்ணி" என்றார். மறுநாள் பழப்புளியைக் கரைத்துச் சீனி சேர்த்தோம். ஒரு துண்டு உண்டார். "புளி சரி, இனிப்புத்தான் வெறும் இனிப்பாக் கிடக்கு" என்றார். வெறும் இனிப்பென்றால் என்ன? இரவு முழுவதும் அச்சொல்லையே எண்ணிக்கொண்டிருந்தோம்.

விடையோ எமது தலைக்கு மேலே, அடுப்படிப் பரணில் தொங்கிக்கொண்டிருந்தது. பனங்கட்டிக் குட்டான்! மலாயாவில் ரோஜாக்குக்கு இடுவது வெள்ளைச் சீனியன்று; தென்னம் பாளையின் நீரைக் காய்ச்சி எடுக்கும் கருஞ்சர்க்கரை. கம்போடியாவிலோ எமது பனைமரத்தின் நீரையே காய்ச்சுகின்றனர்; பனையைத் தங்கள் தேசிய மரமாகவும் கொண்டிருக்கின்றனர். சுண்ணாம்பு தடவிய முட்டியில் இறக்கிய கருப்பநீரைக் காய்ச்சும்போது அதிலேறும் புகையும் சிறு கசப்பும் சீனிக்கு எங்ஙனம் வரும்? பனங்காணிக்குள் வாழ்ந்துகொண்டு போத்தல் தேடிக் கொழும்புக்கு ஆளனுப்பிய எமது மதியை நொந்துகொண்டோம்.

உப்புக்கும் மீன்வாசனைக்கும் கூனி இறால் கைகொடுத்தது. மலாயர் இறாலை உப்பிட்டுப் புளிக்கவைத்து இடித்த பிளாச்சானைச் சுட்டுச் சேர்ப்பர். அதில் உப்பு மிகுதி. கூனியை ஒருமுறை நீரில் அலசி, வெயிலில் உலர்த்தி, வெறுஞ் சட்டியில் மொறுமொறுவென்று வறுத்துப் பொடித்தால் மணம் குறைவதில்லை. உப்போ ஓரளவு கழிந்துவிடும். அன்றியும், நல்ல புளிப்பு உள்ள இடத்தில் நாவுக்கு உப்புக் குறைவு அவ்வளவாகத் தோன்றுவதில்லை. இதனை நாம் அடுப்படியில் நின்று கண்டுகொண்டோம்.

செய்ய விரும்புவோருக்காகச் சொல்கின்றோம். நால்வருக்குத் தேசிக்காய் அளவு பழப்புளியை அரைக் கோப்பை இளஞ்சூட்டு நீரில் ஊறவைத்துக் கட்டியாகக் கரைத்து வடித்துக்கொள்ளுங்கள். அதில் 50 கிராம் பனங்கட்டியை இட்டுச் சிறு நெருப்பில் கரையும்வரை மட்டும் சூடாக்கி, இறக்கி ஆறவிடுங்கள். மூன்று செத்தல் மிளகாயை வறுத்து, ஒரு மேசைக்கரண்டி கூனிப் பொடியுடன் அம்மியில் வைத்து அரைத்து அதிற் கலக்குங்கள். அரைக் கோப்பை வறுத்த கச்சானைத் தோல் நீக்கி ஒன்றிரண்டாக இடித்து, பாதியைச் சாற்றிலும் பாதியை மேலே தூவவும் வைத்துக்கொள்ளுங்கள். தேசிக்காய்ப் புளி சேர்ப்பதாயின் ஆறிய பின்னரே சேர்க்கவேண்டும். சூட்டில் அதன் மணம் போய்விடும். கச்சானில் ஒரு சோர்வு கூட வேண்டாம். பூஞ்சணம் பிடித்த கச்சானில் உண்டாகும் நஞ்சு வறுத்தாலும் போகாது; நிறம் மாறியவற்றையும் சுருங்கியவற்றையும் எறிந்துவிடுங்கள். விருந்தினர்க்குப் படைப்பதாயின், கச்சான் ஒவ்வாதவர் உளரா என்று முன்கூட்டியே கேட்டுவிடுவது நன்று.

சாற்றைக் கரண்டியில் எடுத்து நக்கிப் பார்த்து அளவு பார்ப்பது பிழை. வெள்ளரித் துண்டொன்றைத் தோய்த்துக் கடித்துப் பார்க்கவேண்டும். தனியே உண்ணும்போது அதிகமாகத் தோன்றும் புளிப்பும் உறைப்பும், நீர்ச்சத்துள்ள காயோடு சேரும்போது அடங்கிவிடும். அன்னாசி புளித்திருந்தால் பழப்புளியைக் குறையுங்கள். துண்டுகளைத் துணியால் ஒற்றி ஈரம் போக்குங்கள். உண்ணும் வேளையிலேயே சாற்றை ஊற்றுங்கள். உப்பும் இனிப்பும் காயிலுள்ள நீரை வெளியே இழுத்துவிடும், கால் மணி நேரம் கழித்துப் பார்த்தால் கோப்பைக்குள் குளமே இருக்கும். எமது மூன்றாம் முயற்சி இவ்வாறே குளத்தில் மூழ்கிற்று.

மிளகாய், கச்சான், அன்னாசி, பப்பாசி, கொய்யா எல்லாமே அமெரிக்கக் கண்டத்தில் தோன்றியவை; ஐரோப்பியக் கப்பல்கள் அங்கு சென்று மீண்ட பின்னரே ஆசியாவுக்கு வந்தவை. தென்கிழக்காசியச் சுவை என்று நாம் கொண்டாடும் இதிற் பாதி, கடல் கடந்து வந்து குடியேறியதே. மகள் இதைச் சொன்னபோது, "எங்களைப் போலத்தான்" என்று பெரியம்மா சிரித்தார். காய்ச்சலுக்குப் பின் அவர் சிரித்தது அன்றுதான் முதன்முறை.

நான்காவது முயற்சியில் அரைக் கோப்பை உண்டார். "நல்லாயிருக்கு" என்றார். "தைப்பிங் ரோஜாக் இதுதானோ?" என்று கேட்டோம். பதில் கூறாது விரலை மட்டும் நக்கினார். அடுத்த நாட்களிற் சோறும் சிறிது இறங்கியது. நாம் வென்றுவிட்டோமென்றே எண்ணினோம்.

ஒரு வாரம் கழித்து, மரவள்ளிக்கிழங்கு அவித்து இறக்கிய வேளையில், பெரியம்மா தடியை ஊன்றிக்கொண்டு அடுப்படி வாயிலில் வந்து நின்றார். "பிள்ளை, அந்தப் புளியை இதுக்கு ஊத்து. பனங்கட்டி போடாதை. கச்சானும் வேண்டாம்" என்றார். ஏனென்று கேட்டோம். வாயிற்படியிலேயே அமர்ந்துகொண்டு சொல்லத் தொடங்கினார்.

1941 டிசம்பரில் ஜப்பானியப் படை மலாயாவில் இறங்கியபோது அவருக்கு வயது ஐந்து. பர்மாவிலிருந்தும் சயாமிலிருந்தும் வந்துகொண்டிருந்த அரிசி அருகிப்போக, நாடு முழுவதும் மரவள்ளிக்கிழங்கையே உண்டது. சம்பள நாளென்று ஒன்றில்லை. ஏரிப் பூங்காக் கிழவனும் வருவதில்லை. பெரியம்மாவும் அவருடைய தம்பியும் ரோஜாக் வேண்டுமென்று அழுவார்களாம். அம்மம்மா கிழங்கைச் சதுரம் சதுரமாக வெட்டி, புளியும் மிளகாயும் உப்புமாகக் கரைத்து ஊற்றி, பூங்காவிற் கொடுப்பதைப் போலவே இலையில் வைத்து ஈர்க்கைக் குத்தி, "இந்தா, ரோஜாக்" என்று கொடுப்பாராம். தம்பி போர் முடியுமுன்னரே காய்ச்சலில் இறந்துவிட்டான். அப்படியொரு மாமன் எமக்கு இருந்தாரென்பதை நாம் அன்றுதான் அறிந்தோம். எமது தாயாராவது அறிந்திருந்தாரோ?

நாம் செய்த நான்கு முயற்சிகளும் பூங்காக் கிழவனைத் தேடியே சென்றன. பெரியம்மா கேட்டதோ அம்மம்மாவின் ரோஜாக்கை.

கிழங்கைச் சதுரமாக வெட்டினோம். பழப்புளியைக் கரைத்து, அரைத்த செத்தல் மிளகாயைக் கலந்து, உப்பை ஒரு சிட்டிகை இட்டோம். மகள் வாழையிலை நறுக்கி வந்தாள், ஈர்க்கும் குத்தினாள். பெரியம்மா ஒரு துண்டை எடுத்து வாயிலிட்டு, நெடுநேரம் மென்றார்.

"உப்புக் காணாது" என்றார்.

நாமும் மகளும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். பின்னர் இன்னுமொரு சிட்டிகையை எடுத்து அவர் கண்முன்னே தூவினோம். இலை வெறுமையாயிற்று. அன்று இரவு அவரது கறிக்கு உப்பே போடவில்லை. அதைப் பற்றிப் பெரியம்மா ஒரு வார்த்தையும் சொல்லவில்லை.