சீமெந்துத் தொட்டி

நெடுந்தீவுக்குப் போய்க் குதிரைகளை வீடியோ எடுத்துவந்தான் என் மருமகன். பிடரிமயிர் பறக்க மட்டக்குதிரைகள் ஓடுகின்றன, பின்னால் கடல். நல்ல படம்தான். ஆனால் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரு மனிதத் தலை இல்லை. குறிகட்டுவானில் படகேறி ஒரு மணித்தியாலத்தில் இறங்கும் அந்தத் தீவில் ஆயிரக்கணக்கில் சனம் வாழ்கிறது. முருகைக்கல் வேலிகளைக் கட்டியவர்களும் அவர்கள்தான்.

குதிரைகளும் காட்டில் பிறந்த இனமல்ல. போர்த்துக்கேயர் கொண்டுவந்தவை, ஒல்லாந்தர் வளர்த்துப் பெருக்கியவை. ஆங்கிலேயர் காலத்தில் நோலன் என்றொரு லெப்டினன்ட் பார்த்துக்கொண்டார். வளர்ப்பார் போனபின் தம்பாட்டில் திரிகின்றன. கோடையில் குளம் குட்டை வற்றினால் சாகும். யாராவது தொட்டியில் தண்ணீர் நிரப்பினால் பிழைக்கும். வெட்டி ஒதுக்கிய காட்சிகளில் அப்படியொரு தொட்டி இருந்தது. பாசி படர்ந்த சீமெந்து விளிம்பில் தாடையை வைத்தபடி ஒரு குட்டி. உதட்டில் நீர் சொட்டுகிறது.

“இதை ஏன்ரா எடுத்தெறிஞ்சனி?”

“சீமெந்து தெரிஞ்சா இயற்கை மாதிரி இருக்காது மாமா.”

மயிலிட்டிக்காரனான எனக்கு இந்தப் பேச்சு சுருக்கென்று தைத்தது. 1990 இல் போருக்குப் பயந்து ஊரோடு எழும்பி ஓடினோம். இராணுவத்திடமிருந்து துறைமுகம் திரும்பக் கிடைத்தது 2017 ஜூலையில். கூரை இல்லாத வீடுகளுக்குள் மரங்கள் வளர்ந்து நின்றன. பார்க்க வந்தவர்கள் அதையும் ரசித்துப் படம் பிடித்தார்கள். அடுப்படி எது, சாமியறை எது என்று நாங்கள் தேடிக்கொண்டிருந்தோம்.

ஆளே இல்லாத இடம்தான் வேண்டுமென்றால் தலைமன்னாருக்கு அப்பால், ஆதாம் பாலத்து மணல்திட்டுகளுக்குப் போகலாம். நெடுந்தீவின் ஒரு பகுதியைப் போல அதையும் 2015 இல் தேசியப் பூங்காவாக்கினார்கள். குடிக்கத் தண்ணீரில்லை, ஒதுங்க நிழலில்லை. ஆலாக்கள் வெறும் மணலில் முட்டையிடும். மணல் நிறம், அதில் கரும்புள்ளிகள்; மிதிக்கப் போகும்போதுதான் கண்ணில் படும். ட்ரோன் இரைந்தால் கூட்டம் முழுக்க எழும்பிவிடும். தாயின் நிழல் விலகிய முட்டை அந்த வெயிலில் வெந்துபோகும்.

மருமகனுக்கு அங்கேயும் போக ஆசை. வனசீவராசிகள் திணைக்களத்தில் அனுமதி எடு, படகில் இருந்தபடியே நீள லென்ஸால் எடு, ட்ரோன் வீட்டில் கிடக்கட்டும் என்றேன். லென்ஸின் விலையைச் சொன்னான். அந்தக் காசுக்கு என் படகுக்குப் புது எஞ்சினே வாங்கிவிடலாம்.